ஆர்டர் போட்டவனும் சுட்டவனும்

கொரோனாவுக்காக மலேசியாவில் எம்சிஓ என்ற நடமாட்டக் கட்டுப்பாடு போட்டு ஒரு வாரம் ஓடியிருந்த நேரம். கோலாலம்பூர்ச் செந்தூல் அடுக்குமாடியில் எல்லாரும் அடைந்து கிடந்தோம். கீழே மாமாக் சாப்பாட்டுக் கடையில் பொட்டலம் மட்டும்தான், உட்கார்ந்து பேச வழியில்லை. அதனால் வழக்கமாக அங்கே நடக்கும் சண்டையெல்லாம் வாட்ஸ்அப்புக்கு வந்துவிட்டது. 2020 மார்ச் 26ஆம் தேதி குடும்பக் குழுவில் யாரோ அந்தச் செய்தியைப் போட்டார்கள். யாழ்ப்பாணப் பக்கத்து மிருசுவில் கொலை வழக்கில் மரண தண்டனை பெற்றிருந்த ராணுவ ஸ்டாஃப் சார்ஜன்ட் சுனில் ரத்நாயக்கவை இலங்கை ஜனாதிபதி கோட்டாபய ராஜபக்ச பொதுமன்னிப்பு கொடுத்து வெளியே விட்டுவிட்டார். உலகமே கொரோனாக் கணக்கைப் பார்த்துக்கொண்டிருந்த வாரம் அது. இறந்தவர்கள் எட்டுத் தமிழர்கள். இடம்பெயர்ந்து போனவர்கள், தங்கள் வீட்டையும் வளவையும் ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டு வரலாம் என்று 2000 டிசம்பரில் போன இடத்தில் பிடித்து, கழுத்தை அறுத்துப் புதைத்துவிட்டார்கள். ஐந்து வயதுக் குழந்தையும் அதில் உண்டு. ஒருவர் தப்பி ஓடியதால்தான் வழக்கே வந்தது. 2015இல் தீர்ப்பு, 2019இல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகளும் ஒருமனதாக அதை உறுதி செய்தார்கள், அடுத்த வருஷம் ஆள் வீட்டில்.

குழு கொதித்தது. தூக்கில் போட்டிருக்க வேண்டும் என்றான் அக்கா மகன். இப்படித்தான் நடக்கும் என்று தனக்கு அப்போதே தெரியும் என்றார் சித்தப்பா (அவருக்கு எல்லாமே அப்போதே தெரியும்). அந்த நேரத்தில் ரவாங்கிலிருந்து பெரியப்பாவின் குரல் பதிவு வந்தது. பெரியப்பா மலேசிய ராணுவத்தில் சார்ஜனாக இருந்து பென்சன் வாங்குபவர். போனில் எழுத்துத் தட்ட விரலுக்குப் பொறுமை இல்லை, எதுவானாலும் குரல்தான். "டேய், கோவப்படுறீங்க, சரி. அவன் யாரு? ஒரு ஸ்டாஃப் சார்ஜன். அவனா தனியாக் கெளம்பிப் போயி எட்டுப் பேர வெட்டிட்டு வந்தான்? அவனுக்கு மேல இருந்தவன் எவனாச்சும் ஒருத்தன் ஒரு நாள் உள்ள இருந்தானா? அத மொதல்ல கேளுங்கடா." அதற்குப் பிறகு குழுவில் கொஞ்ச நேரம் யாரும் எதுவும் போடவில்லை. அப்புறம் யாரோ ஒரு சமையல் வீடியோவை அனுப்ப, பேச்சு அந்தப் பக்கம் போய்விட்டது.

எனக்கு மட்டும் அது போகவில்லை. பெரியப்பா ரத்நாயக்கவுக்கு வக்காலத்து வாங்கினாரா என்றால் இல்லை. ஆனால் கேட்பதற்கு அப்படித்தான் இருந்தது. ஒரு பழைய சிப்பாய் இன்னொரு சிப்பாய்க்குக் குடை பிடிக்கிற மாதிரி. அதே சமயம் அவர் கேட்டதில் ஒரு சொல்லைக்கூட என்னால் தள்ள முடியவில்லை. அந்த வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர்கள் ஐந்து பேர், தண்டனை பெற்றது ஒருவர் மட்டும். அதற்கு மேலே படி ஏறிப் பார்த்தால் ஒரு அதிகாரியின் பெயர்கூட இல்லை. அப்படியென்றால் கீழே நின்று செய்தவனுக்கு எவ்வளவு பொறுப்பு, மேலே நின்று செய்யவைத்தவனுக்கு எவ்வளவு? கறிக்கடையில் எடை போடுவதுபோல் இத்தனை பங்கு அவனுக்கு, இத்தனை இவனுக்கு என்று பிரிக்க முடியுமா? பிரித்தால் இவன் பங்கு குறையுமா? இந்தக் கேள்வியை ரொம்ப நாள் சுமந்துகொண்டு திரிந்தேன்.

சயாமுக்குப் போன பெரிய தாத்தா

எங்கள் தாத்தாவுக்கு ஓர் அண்ணன் இருந்தார். கோலசிலாங்கூர்ப் பக்கம் ஒரு தோட்டத்திலிருந்து ஜப்பான்காரன் காலத்தில் சயாமிலிருந்து, அதாவது தாய்லாந்திலிருந்து, பர்மாவுக்கு ரயில் போடப் போனவர், திரும்பவில்லை. இந்த நாட்டுத் தமிழர் வீடுகளில் பாதிக்குமேல் இப்படி ஒரு கதை இருக்கும், ஆகவே விரிவாகச் சொல்லப் போவதில்லை. 415 கிலோமீட்டர் தண்டவாளம், 1943 அக்டோபரில் முடிந்தது. செத்த வெள்ளைக்கார, டச்சுக்காரக் கைதிகள் சுமார் 12,000 பேர். அவர்களுக்குப் பெயர்ப் பட்டியல் இருக்கிறது, காஞ்சனபுரி கல்லறையில் மட்டும் ஏறக்குறைய 7,000 பேருக்கு வரிசையாகக் கல் இருக்கிறது. செத்த ஆசியத் தொழிலாளிகளைச் சுமார் 90,000 என்கிறார்கள். சுமார் என்பதுதான் எங்களுக்குக் கிடைத்த கல். பெரிய தாத்தா அந்தச் சுமாரில் எங்கோ இருக்கிறார்.

போர் முடிந்ததும் அந்த ரயில்பாதைக் கொடுமைகளுக்காக 111 பேரை விசாரித்தார்கள், 32 பேருக்கு மரண தண்டனை. வழக்குகளில் பெரும்பாலானவை நேசநாட்டுக் கைதிகளுக்கு நடந்ததைப் பற்றியவை, தோட்டத்துச் சனங்களுக்கு நடந்ததைப் பற்றியவை சொற்பம். சரி, அது வேறு வயிற்றெரிச்சல். இங்கே நான் சொல்ல வந்தது கூண்டில் நின்றவர்கள் யார் என்பதைப் பற்றி. அதில் ஜப்பானியர் மட்டும் இல்லை, கொரியர்களும் இருந்தார்கள். கொரியா அப்போது ஜப்பானின் காலனி. கைதி முகாம்களுக்குக் காவல் நிற்க அங்கிருந்து இளைஞர்களைத் திரட்டிக்கொண்டு வந்தார்கள், ஜப்பானிய ராணுவத்தில் அவர்கள்தான் கடைசிப் படி. ஜப்பானியச் சிப்பாய் அவனை அறைவான், அவன் கைதியை அறைவான். போருக்குப் பிறகு போர்க் குற்றவாளிகளாகத் தண்டிக்கப்பட்ட கொரியர்கள் 148 பேர், அதில் 23 பேருக்கு மரண தண்டனை நிறைவேறியது.

லீ ஹாக்-ரே என்பவர் அந்தக் கூட்டத்தில் ஒருவர். சேரும்போது வயது 17. ஹின்டோக் முகாமில் காவலாளியாக இருந்தார், நோயாளிக் கைதிகளைப் படுக்கையிலிருந்து எழுப்பி வேலைக்கு அனுப்பியவர் என்பது குற்றச்சாட்டு. 1947இல் சிங்கப்பூரில் மரண தண்டனை, பல மாதங்கள் சாங்கி சிறையில் தன் முறைக்குக் காத்திருந்த பிறகு அது 20 வருஷமாகக் குறைந்தது. வெளியே வந்தால் ஜப்பான் அரசாங்கம் அவரைப் பார்த்து, நீ ஜப்பானியன் இல்லையே, உனக்கு எப்படி ராணுவப் பென்சன் என்றது. தண்டனை வாங்கும்போது ஜப்பானியன், பென்சன் வாங்கும்போது கொரியன். 2021இல் தோக்கியோவில் இறக்கும்வரை அதற்காகப் போராடிக்கொண்டே இருந்தார்.

இப்போது படியின் மேல் முனைக்குப் போவோம். சுஜி மசனொபு, மலாயாவைப் பிடித்த 25ஆவது படையில் போர்த் திட்டம் போட்ட அதிகாரி. சிங்கப்பூரில் சீனர்களைக் களையெடுத்த படுகொலையின் பின்னால் இருந்த மூளை என்று சொல்லப்படுபவர். போர் முடிந்ததும் மாயமானார். பிரிட்டிஷ்காரர்கள் தேடினார்கள், கிடைக்கவில்லை. சந்தடி அடங்கிய பிறகு ஜப்பானுக்குத் திரும்பிவந்து, மலாயாவை எப்படி வென்றோம் என்பதையெல்லாம் எழுதிப் பெயர் வாங்கி, 1952இல் தேர்தலில் நின்று நாடாளுமன்றத்தில் போய் உட்கார்ந்தார். அந்த வருஷம் லீ ஹாக்-ரே சிறையில் இருந்தார். இதைப் படித்த இரவு பெரியப்பாவின் பதிவை மறுபடி போட்டுக் கேட்டேன், மனுஷன் சொன்னது சரிதான் என்று தோன்றியது.

ஆனால் லீயின் கதையில் இன்னொரு பக்கமும் உண்டு. 1991இல் அவர் ஆஸ்திரேலியாவுக்குப் போய், ஹின்டோக்கில் கைதியாக இருந்த டாக்டர் வியரி டன்லப்பை நேரில் பார்த்து மன்னிப்புக் கேட்டார். தனக்கு நடந்தது அநியாயம் என்று கடைசிவரை சொன்ன அதே மனிதர், தான் செய்ததற்கும் தலை குனிந்தார். கடைசிப் படியில் இருந்தேன் என்பதும் உண்மை, அந்தப் படியில் நின்று நான் செய்ததும் உண்மை என்று இரண்டையும் ஒரே வாயால் சொல்ல அவரால் முடிந்தது. எங்கள் வாட்ஸ்அப் குழுவில் அது யாருக்கும் முடியவில்லை, நாங்கள் ஆளுக்கு ஒன்றைப் பிடித்துக்கொண்டு நின்றோம்.

சட்டம் மாறிய நான்கு வருஷம் கழித்து

மேலிடம் சொன்னதைத்தான் செய்தேன் என்ற பதில் செல்லாது என்று நாம் இன்று ரொம்பச் சாதாரணமாகச் சொல்கிறோம். 1944 ஏப்ரல்வரை பிரிட்டிஷ் ராணுவத்தின் சட்டக் கையேடே அந்தப் பதிலை ஏற்றுக்கொண்டது: மேலதிகாரியின் கட்டளைப்படி போர் விதியை மீறிய சிப்பாய் போர்க் குற்றவாளி ஆகமாட்டான், கட்டளை போட்டவனைத்தான் பிடிக்க வேண்டும். அதாவது பெரியப்பாவின் குரல் பதிவு, சட்ட மொழியில். ஜெர்மானியர்களை விசாரிக்கும் காலம் நெருங்கியபோதுதான் அதைத் திருத்தினார்கள். அடுத்த வருஷம் நியூரம்பர்க் சாசனத்திலும் அதே நிலை வந்தது, கட்டளை என்பது தண்டனையைக் குறைக்க உதவலாம், குற்றத்தை இல்லாமல் ஆக்காது. மறுபக்கம் தளபதிகளையும் சட்டம் விடவில்லை. மலாயாவை வென்ற யமாஷிதாவை அமெரிக்கர்கள் 1946 பிப்ரவரியில் தூக்கிலிட்டார்கள், தன் படை மணிலாவில் ஆடிய ஆட்டத்தைத் தடுக்கத் தவறிய குற்றத்துக்காக. மலாயாவிலும் சிங்கப்பூரிலும் நடந்தது அந்த வழக்கில் வரவே இல்லை. எப்படியோ, காகிதத்தில் இரண்டு வாசலும் அடைபட்டன. கீழே இருப்பவன் மேலே கை காட்டித் தப்ப முடியாது, மேலே இருப்பவன் எனக்குத் தெரியாது என்று தப்ப முடியாது.

அந்தத் திருத்தத்தை எழுதிய பிரிட்டிஷ் ராணுவம், கம்யூனிஸ்டுகளோடு சண்டை போட்ட அவசரகாலத்தில், 1948 டிசம்பரில் எங்கள் வீட்டிலிருந்து ஒரு மணி நேரத் தூரத்தில் என்ன செய்தது என்பது இந்த ஊர்க்காரர்களுக்குத் தெரியும். பத்தாங் காலி பக்கத்தில், ரப்பர்த் தோட்டத்தில் குடியிருந்த சீனத் தொழிலாளிகள். ஸ்காட்ஸ் கார்ட்ஸ் படையின் 14 பேர் கொண்ட ரோந்து, பெரும்பாலும் கட்டாய ராணுவச் சேவைக்கு வந்த பொடியன்கள், அதிகாரி யாரும் கூட இல்லை, சார்ஜன்ட்கள்தான் தலைமை. 11ஆம் தேதி ஒரு இளைஞனைச் சுட்டார்கள். மறுநாள் பெண்களையும் பிள்ளைகளையும் லாரியில் ஏற்றிவிட்டு, ஆண்களைச் சின்னச் சின்னக் கூட்டமாகப் பிரித்து நடத்திக்கொண்டு போய் 23 பேரைச் சுட்டார்கள். குடிசைகளைக் கொளுத்தினார்கள். மயங்கி விழுந்த ஒரே ஒருவர் மட்டும் பிழைத்தார். தப்பி ஓடியதால் சுட்டோம் என்பது அரசாங்கக் கதை. அடுத்த மாதமே, தப்பி ஓடுபவரைச் சுடலாம் என்று அவசரகாலச் சட்டத்தில் 27ஏ என்று ஒரு விதியைச் சேர்த்து, அதற்கு முன்னால் நடந்ததற்கும் அது பொருந்தும் என்று எழுதிவைத்தார்கள். குற்றம் இல்லையென்றால் அந்தக் கடைசி வரி எதற்கு என்று ஒரு சின்னப் பிள்ளைகூடக் கேட்கும்.

அதே மாதம், அதே 1948 டிசம்பரில், போலந்தில் வில்ஹெல்ம் டிராப் என்ற ஜெர்மன் போலீஸ் மேஜருக்கு மரண தண்டனை நிறைவேறியது. 1942 ஜூலையில் யூசெஃபூஃப் என்ற ஊரில், அங்கிருந்த யூதர்களைச் சுடும்படி வந்த கட்டளையைத் தன் ஆட்களுக்குச் சொன்னவர் அவர். சொல்லும்போது கண்ணில் தண்ணீர், குரலில் நடுக்கம். சொல்லிவிட்டு, வயதில் மூத்தவர்களில் இதைச் செய்ய முடியாது என்று நினைப்பவர்கள் விலகி நிற்கலாம் என்றார். ஏறக்குறைய 500 பேரில் ஒரு டஜன் பேர் முன்னே வந்து துப்பாக்கியைக் கொடுத்துவிட்டார்கள். அவர்களை யாரும் சுடவில்லை, சிறையில் போடவில்லை. மற்றவர்கள் போய்ச் சுட்டார்கள். செய்யாவிட்டால் என்னைக் கொன்றிருப்பார்கள் என்ற பதில் எனக்கு இங்கேதான் உடைந்தது. எல்லா இடத்திலும் உடையும் என்று சொல்லமாட்டேன், பதினேழு வயதுக் கொரியப் பையனுக்கு அந்த வாய்ப்பை யாரும் கொடுத்திருக்கமாட்டார்கள். ஆனால் கட்டளைக்கும் விரலுக்கும் நடுவில் ஒரு கணம் இருக்கிறது. அந்தக் கணத்துக்குச் சொந்தக்காரன் துப்பாக்கி வைத்திருப்பவன், மேஜர் இல்லை.

ரவாங் வீட்டுத் திண்ணை

கட்டுப்பாடெல்லாம் தளர்ந்த பிறகு, கூட வேலை பார்க்கும் சீன நண்பர் ஒருவர், தாய்வழியில் உலு யாம்காரர், அங்கே லோ மீ சாப்பிடப் போகலாம் என்று கூப்பிட்டார். பத்துமலை தாண்டி, அணைக்கட்டு ஓரமாக வளைந்து வளைந்து போகிற பழைய சாலை. சாப்பிட்டு முடித்ததும் நான்தான் கேட்டேன், அந்தக் கல்லறை இங்கே பக்கத்தில்தானே என்று. கூட்டிக்கொண்டு போனார். வெயில் மண்டையைப் பிளந்தது. புல் வெட்டாத சரிவில், ஊதுபத்திக் குச்சிகளின் சிவப்பு அடிக்கட்டைகள் மழையில் நனைந்து வெளிறி, கொத்துக் கொத்தாகக் குத்தியிருந்தன. யாரோ ஆரஞ்சுப் பழம் வைத்துவிட்டுப் போயிருந்தார்கள், எறும்பு மொய்த்திருந்தது. நண்பர் பெயர்களை வாசித்துக் காட்டினார், ஒரே குடும்பப் பெயர் அடுத்தடுத்து வந்தது. இதை யார் செய்தார்கள் என்று உங்கள் வீட்டில் பேசுவார்களா என்று கேட்டேன். "சிவப்புத் தலைமுடிப் பையன்கள்" என்று பாட்டி சொல்வாராம். அரசாங்கம், ராணி, ராஜா என்றெல்லாம் இல்லை. பையன்கள்.

திரும்பும்போது நண்பரைப் பஸ்நிலையத்தில் இறக்கிவிட்டு ரவாங்கில் பெரியப்பா வீட்டுக்குப் போனேன். திண்ணையில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார், பக்கத்தில் கொசுவத்தி. பெரியம்மா தேநீர் கொண்டுவந்து வைத்தார். எங்கே போய் வருகிறேன் என்று சொன்னதும், அவராகவே அந்தப் பழைய குரல் பதிவுக்கு வந்துவிட்டார், அவருக்கும் அது உறுத்திக்கொண்டுதான் இருந்திருக்கிறது. நான் பெரிய வழக்கறிஞர் மாதிரி 1944, நியூரம்பர்க், கட்டளைப் பொறுப்பு என்று அவிழ்த்துவிட்டேன். முடிக்கும்வரை கேட்டார்.

"நீ ஆர்டர் ஆர்டர்னு சொல்றியே, நீ நெனைக்கிற மாதிரி ஆர்டர் வராதுப்பா. நல்ல ஆர்டர் எல்லாம் பேப்பர்ல வரும். எத்தன மணிக்கு எந்திரிக்கணும், எத்தன தோட்டா வாங்கினே, எத்தன திருப்பிக் குடுத்தே, எல்லாத்துக்கும் சைன் போடணும். கெட்ட ஆர்டருக்கு மட்டும் பேப்பரே கெடையாது. 'பாத்துக்கோ'ம்பான். 'தொல்லை வேணாம்'பான். 'இவனுங்கள எல்லாம் எங்க தூக்கிட்டுப் போறது'ன்னு சும்மா பொலம்புற மாதிரி சொல்லிட்டு அந்தப் பக்கம் சிகரெட் குடிக்கப் போயிருவான். நாளைக்குக் கேஸ் வந்தா நான் சொல்லவே இல்லயேம்பான். அவன் சொல்றது பொய்யும் இல்ல."

அப்படியென்றால் அவனை எப்படிப் பிடிப்பது என்றேன்.

"எழுத்துல இருக்காது. சுட்டவன் வாய்லதான் இருக்கும். அவன் வாயத் தொறந்தாத்தான் மேல போக வழி. அதான் அவன வெளிய விட்டுட்டானுங்க."

அதுவரை நான் சிப்பாயின் பொறுப்பையும் தளபதியின் பொறுப்பையும் தராசின் இரண்டு தட்டு என்றே வைத்துக்கொண்டு திண்டாடிக்கொண்டிருந்தேன், ஒன்று ஏறினால் மற்றது இறங்கும் என்று. பெரியப்பா தராசையே எடுத்துவிட்டார். கீழே இருப்பவனைப் பிடிக்காமல் மேலே இருப்பவனைப் பிடிக்கவே முடியாது. சின்னவனை ஏன் பிடிக்கிறாய், பெரியவனைப் பிடி என்பது கேட்க நியாயமாக இருக்கிறது. ஆனால் நடைமுறையில் அப்படிச் சொல்லிச் சின்னவனை விட்டால் பெரியவனுக்குத்தான் கொண்டாட்டம். ரத்நாயக்கவின் மன்னிப்பு ரத்நாயக்கவுக்காகக் கொடுத்தது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அன்றைக்கு அவனுக்கு மேலே இருந்தவர்கள் யார் யாரோ, அவர்களுக்கும் சேர்த்துத்தான் அது. பெரியப்பாவின் பதிவில் அன்று நாங்கள் எல்லாரும் தவறவிட்டது இதைத்தான். அவர் சின்னவனை விடச் சொல்லவில்லை, அவனிடம் கேளுங்கள் என்றார்.

வாயைத் திறந்தவர்கள்

வீட்டுக்கு வந்து பத்தாங் காலி விவகாரத்தை மறுபடி எடுத்துப் படித்தபோது எல்லாம் வேறு மாதிரி தெரிந்தது. 1948லிருந்து 1970வரை அந்தக் கிராமத்துப் பெண்கள் சொன்னதை யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை, அன்றைய அரசாங்க விசாரணையில் அவர்களிடம் ஒரு வார்த்தைகூடக் கேட்கவில்லை. தாம் யோங் என்ற பெண்ணுக்கு அப்போது 17 வயது, கட்டிக்கொள்ள இருந்தவர் செத்தவர்களில் ஒருவர். 2010இல் கண்ணை மூடும்வரை அவர் சொன்ன கதை மாறவே இல்லை. ஆனால் லண்டனில் கதவு திறந்தது அவர் சொன்னதால் இல்லை, அந்த ரோந்தில் இருந்த சிப்பாய்கள் சிலர் ஒரு பத்திரிகைக்குக் கொடுத்த சத்தியக் கடுதாசி 1970 பிப்ரவரியில் வெளிவந்ததால். யாரும் ஓடவில்லை, ஓடினார்கள் என்று சொல்லும்படி எங்களுக்குச் சொல்லிக் கொடுத்தார்கள் என்றார்கள். பாதுகாப்பு அமைச்சர் டெனிஸ் ஹீலி ஸ்காட்லாந்து யார்டு விசாரணைக்கு உத்தரவிட்டார். போலீஸ் முன்னாலும் சிலர் அதையே ஒப்புக்கொண்டார்கள். விசாரணைக் குழு மலேசியாவுக்கு வந்து எஞ்சியவர்களைப் பார்ப்பதற்குள் பிரிட்டனில் தேர்தலில் ஆட்சி மாறியது, விசாரணையை நிறுத்திவிட்டார்கள்.

அதற்குப் பிறகு நடந்தது நாற்பத்தைந்து வருஷ அலைச்சல். 2015 நவம்பரில் பிரிட்டிஷ் உச்ச நீதிமன்றத்தில், பொது விசாரணை கேட்டுப் போன செத்தவர்களின் வீட்டார் நான்குக்கு ஒன்று என்ற கணக்கில் தோற்றார்கள், ஐந்தாவது நீதிபதியான லேடி ஹேல் மட்டும் மாறுபட்டார். தோற்கடித்த நீதிபதிகளிலேயே ஒருவர், அப்பாவி மனிதர்கள் இரக்கமில்லாமல் கொல்லப்பட்டார்கள் என்றே கையில் இருக்கும் சாட்சியம் காட்டுகிறது, அதற்குச் சட்டத்தால் ஒன்றும் செய்ய முடியவில்லை என்ற பொருள்பட எழுதினார். 2018இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றமும் கை விரித்தது. ஒருவர்கூட ஒரு நாள்கூட உள்ளே போகவில்லை, கடைசிவரை. இருந்தாலும் நீதிபதி அந்த வரியை எழுத முடிந்ததற்குக் காரணம் அந்தச் சிப்பாய்களின் கடுதாசி. அது இல்லாவிட்டால் இன்றைக்கும் அரசாங்கக் கோப்பில் அந்த 24 பேர் ஓடிக்கொண்டே இருப்பார்கள்.

யாழ்ப்பாணத்துச் செம்மணிப் புதைகுழியும் அப்படித்தான் வெளியே வந்தது. 1996 செப்டம்பரில் உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டுச் சைக்கிளில் வீடு திரும்பிய கிருஷாந்தி குமாரசுவாமியைக் கைதடி ராணுவச் சோதனைச் சாவடியில் பிடித்து, அவளைத் தேடிப் போன அம்மா, தம்பி, பக்கத்து வீட்டுக்காரர் எல்லாரையும் சேர்த்துக் கொன்ற வழக்கு நம் எல்லாருக்கும் தெரியும். 1998 ஜூலையில் மரண தண்டனை விதிக்கப்பட்டபோது, லான்ஸ் கோப்ரல் சோமரத்ன ராஜபக்ச கூண்டில் நின்று சொன்னார்: நாங்கள் புதைக்கத்தான் செய்தோம், முந்நூறு நானூறு உடல்கள் புதைந்திருக்கும் இடத்தைக் காட்டுகிறோம் என்று. அடுத்த வருஷம் அவரையே கூட்டிக்கொண்டு போய்த் தோண்டினார்கள், 15 எலும்புக்கூடுகள் வந்தன, சில ராணுவத்தினர் பிடிபட்டுப் பிணையில் போனார்கள், வழக்கு அப்படியே படுத்துவிட்டது. 2025இல் அதே செம்மணியில் மறுபடி தோண்டியபோது 200க்கும் மேல் வந்தன, பிள்ளைகளின் எலும்பும் இருந்தது. அந்த ஆளை நான் நல்லவன் என்று சொல்லவில்லை. ஒரு பள்ளிக்கூடப் பிள்ளையைச் சீரழித்துக் கொன்ற குற்றத்துக்காகத் தண்டனை பெற்றவன், தான் மட்டும் தொங்குவதா என்ற ஆத்திரத்தில்தான் பேசியிருப்பான். பேசினான், அவ்வளவுதான். அவன் உள்ளே இருக்கிறான். பேசாதவனுக்கு மன்னிப்புக் கிடைத்தது. அந்தச் சிறைகளில் இருக்கும் மற்ற சிப்பாய்களுக்கு இதிலிருந்து என்ன விளங்கியிருக்கும்?

நம்ம பையன்கள்

இதைக் குடும்பக் குழுவில் எழுதினால் எனக்குக் கோயில் மாலை போடுவார்கள். அடுத்ததை எழுதினால் போடமாட்டார்கள், இருந்தாலும் எழுதுகிறேன். 1990 ஆகஸ்ட் 3ஆம் தேதி இரவு கிழக்கிலங்கையில் காத்தான்குடியில் இரண்டு பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்த நூற்றுக்கும் மேற்பட்ட முஸ்லிம்களைச் சுட்டார்கள், அதில் சிறுவர்களும் உண்டு. சுட்டது புலிகள் என்று அங்கே பிழைத்தவர்கள் சொல்கிறார்கள், புலிகள் மறுத்தார்கள். யார் அனுப்பினார்கள், யார் வாசலில் நின்றார்கள், யார் உள்ளே போனார்கள் என்று அந்தக் கூட்டத்தில் இருந்த ஒருவர்கூட இன்றுவரை நம் முன்னால் வந்து சொன்னதில்லை. அப்படி ஒருவர் சொல்ல வந்தால், செந்தூலில் நாம் அவரை உட்காரவைத்துக் கேட்போமா? துரோகி என்போம். பத்தாங் காலி சிப்பாய்கள் வாய் திறந்தபோது அவர்கள் ஊரில் பலர் அவர்களை அப்படித்தான் பார்த்திருப்பார்கள். படையில் இருந்தவன் பேசாமல் இருப்பதற்குச் சட்டத்தின் பயம் மட்டும் காரணம் இல்லை, சொந்த சனத்தின் முகமும் காரணம்.

நாடும் அப்படித்தான். கோலாலம்பூரில் 2011இல் ஒரு தீர்ப்பாயம் உட்கார்ந்து, ஈராக் போருக்காக புஷ்ஷையும் பிளேயரையும் குற்றவாளிகள் என்று அறிவித்தது. சட்டப்படி எந்தப் பலமும் இல்லை, ஆனாலும் எனக்கு அப்போது பெருமையாகத்தான் இருந்தது. 2019 மார்ச்சில் மலேசியா சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றத்தின் ரோம் சாசனத்தில் சேர்ந்தது. ஏப்ரல் முதல் வாரத்திலேயே விலகிக்கொள்கிறோம் என்று அறிவித்துவிட்டது, சுல்தான்களுக்கு ஆபத்து என்று கிளம்பிய கூச்சலுக்குப் பயந்து. அடுத்தவன் தளபதி என்றால் தீர்ப்பு, நம் வீட்டுத் தளபதி என்றால் யோசனை.

பெரியப்பாவோடு இன்னும் ஒரு விஷயத்தில் ஒத்துப்போகவில்லை. பேசுகிறவனுக்குச் சலுகை கொடுக்க வேண்டும் என்கிறார். "உள்ளயே கெடந்து சாவணும்னா எவன்டா வாயத் தொறப்பான்? அவனுக்கும் பொண்டாட்டி புள்ளைங்க இருக்காங்கல்ல." எனக்கு மனம் வரவில்லை. கிருஷாந்தியின் பெயரை எழுதிவிட்டு அடுத்த வரியில் சலுகை என்று எழுதக் கை கூசுகிறது. அதே சமயம் அந்த 200 பேரின் வீட்டாருக்கு, தங்கள் பிள்ளையை அங்கே கொண்டுவந்து போடச் சொன்னது யார் என்று தெரிய வேண்டும் என்றால் வேறு வழி என்ன என்றும் தெரியவில்லை. போன தடவை போனபோது, சரி, குறைப்பதென்றால் நீதிமன்றம் குறைக்கட்டும், ஜனாதிபதி வேண்டாம், அவன் சொன்னது உண்மை என்று தோண்டிப் பார்த்த பிறகு, செத்தவர்களின் வீட்டாரை முதலில் கேட்டுவிட்டு என்றேன். வீட்டார் முடியாது என்றால்? என்று கேட்டார் பெரியப்பா. முடியாது என்றால் முடியாதுதான் என்றேன். அவர் தலையை ஆட்டிவிட்டு, அப்ப மேல இருக்கிறவன் தப்பிச்சான் போ என்றார். பெரியம்மா உள்ளேயிருந்து சாப்பிட வரச்சொல்லிக் குரல் கொடுத்தார், நாங்கள் எழுந்திருக்காமல் இன்னும் கொஞ்ச நேரம் அதையே பேசிக்கொண்டிருந்தோம்.